ஒரு கார்டு, இரண்டு கசந்த வாய்கள்

வாய்மொழி துப்பறியும் நிலையம் தென்காசி பழைய பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில், ஒரு ஜெராக்ஸ் கடையின் மாடியில் இருந்தது. வருகிற வழக்குகளில் முக்கால்வாசி மாப்பிள்ளை விசாரணை. மீதி, காணாமல் போன ஆடு. இரண்டுக்கும் கேட்க வேண்டிய கேள்விகள் ஒன்றுதான் என்பது உதவியாளன் யாசரின் கட்சி: எங்கே மேய்கிறது, யாரோடு மேய்கிறது, பொழுது சாய்ந்தால் வீடு வந்து சேர்கிறதா?

அந்தச் சனிக்கிழமை காலை பத்து மணிக்குப் படியேறி வந்த பெண் ஆட்டையும் தேடவில்லை, மாப்பிள்ளையையும் தேடவில்லை.

"கார்டு காணலை," என்றாள்.

யாசர் நோட்டைப் பிரித்தான். "ஆதாரா, ரேஷனா?"

"கேம் கார்டு."

யாசர் நோட்டை மூடினான். நாற்காலியில் சாய்ந்திருந்த குழல்வாய்மொழி நிமிர்ந்து உட்கார்ந்தாள். வயது ஐம்பத்தாறு, மூக்கில் ஒரு கல் மூக்குத்தி, கண்ணில் எப்போதும் ஒரு குறும்பு. தொண்ணூறுகளில் தென்காசியிலேயே முதல் வீடியோ கேம் கடை வைத்தவள் அவள். கடை போய்விட்டது, விளையாட்டுப் புத்தி மட்டும் போகவில்லை.

"உக்காரு தாயி. மொதல்லருந்து சொல்லு."

பெண்ணின் பெயர் ஃபாயிஸா. கல்லூரியில் இரண்டாம் வருடம். இரண்டு கட்டைவிரலிலும் பிளாஸ்திரி ஒட்டியிருந்தாள். அவள் பின்னாலேயே தயங்கித் தயங்கி வந்து உட்கார்ந்தவர் அவளுடைய வாப்பா சேக் தாவூது. பதினெட்டு வருடமாக ஷார்ஜாவில் வேலை. சட்டைப் பையிலிருந்து நாலாக மடித்த வெள்ளைக் காகிதம் ஒன்று எட்டிப் பார்த்தது.

"ஒங்கள எங்கயோ பாத்திருக்கேன் அண்ணாச்சி," என்றாள் குழல்வாய்மொழி.

"சின்ன ஊருதானே," என்று சேக் தாவூது தரையைப் பார்த்தார்.

யாசர் டீ கொண்டுவந்தான். அவன் டீ அந்தத் தெருவில் பெயர் வாங்கியது. டம்ளருக்கு நாலு கரண்டி சீனி. ஜெராக்ஸ் கடைக்காரர் அதை டீ என்றே ஒப்புக்கொள்வதில்லை, பாயசம் என்பார். சேக் தாவூது ஒரு வாய் குடித்துவிட்டு டம்ளரை நீட்டினார்.

"தம்பி, இன்னும் ரெண்டு கரண்டி சீனி போடுங்க."

யாசருக்கு உச்சி குளிர்ந்துபோனது. தன்னைவிடப் பெரிய ஆளை அவன் இதுவரை சந்தித்ததில்லை. மரியாதையோடு இன்னும் இரண்டு கரண்டி போட்டுக் கலக்கிக் கொடுத்தான்.

ஃபாயிஸா சொல்லத் தொடங்கினாள். வீட்டில் கையடக்க வீடியோ கேம் ஒன்று இருக்கிறது. அதில் செருகுகிற கார்டு தபால்தலை அளவுதான். அதில் ஒரு கார் ரேஸ். வாப்பா ரெண்டு வருடத்துக்கு ஒரு தடவை லீவில் வருவார். லீவு முடியும் நாள், மாலை ஐந்து மணிக்கு, வாப்பாவும் மகளும் ஒரே ஒரு ரேஸ் விடுவார்கள். இது வரைக்கும் எல்லாத் தடவையும் வாப்பாதான் ஜெயித்திருக்கிறார்.

"இந்தத் தடவை வந்தப்போ வாப்பா சொன்னாவ, நீ ஜெயிச்சுட்டா நான் திரும்பிப் போகமாட்டேன், டிக்கெட்டைக் கிழிச்சுப் போட்டுருவேன்னு. இன்னைக்கு அஞ்சு மணிக்கு ரேஸு. நாளைக்குக் காலைல திருவனந்தபுரத்துல பிளைட்டு." அவள் குரல் லேசாக இடறியது. உடனே சரிசெய்துகொண்டாள். "டிக்கெட்டு போன்லதான் இருந்துச்சு. கிழிக்கணும்னா காகிதம் வேணும்லா? அதான் கீழ ஜெராக்ஸ் கடைல பிரிண்ட் எடுத்தேன். அப்பத்தான் ஒங்க போர்டைப் பாத்தேன்."

"வாப்பா சும்மா விட்டுக்குடுத்துட்டா?" என்றான் யாசர்.

"அது செல்லாது. போன லீவு நடுவுல சும்மா ஆடுனப்போ ஒரு தடவை விட்டுக்குடுத்தாவ. நான் கண்டுபிடிச்சுட்டேன். ரெண்டு நாள் அவுககிட்ட பேசலை."

சேக் தாவூது டீயை மடக்கென்று குடித்தார்.

ஃபாயிஸா மேசை மேல் ஒரு காலிப் பெட்டியை வைத்தாள். உள்ளே கார்டு உட்காருகிற சின்னப் பள்ளம் வெறுமையாக இருந்தது. கார்டை அவள் பிள்ளை மாதிரி வளர்த்திருந்தாள் என்பது அடுத்த ஐந்து நிமிடத்தில் தெரிந்தது. ஓரத்தைப் பிடித்துத்தான் எடுக்க வேண்டும், தங்க நிறத்தில் வரிவரியாக இருக்கிற பல்லில் விரல் படக்கூடாது. கேம் ஓடும்போது உருவக்கூடாது. எண்ணெய்க் கை ஆகாது. வெயிலில் வைக்கக்கூடாது. எடுத்தால் பெட்டி, பெட்டியை விட்டால் கேம், நடுவில் வேறெங்கும் தங்கக்கூடாது. இதையெல்லாம் எழுதிச் சுவரிலேயே ஒட்டியிருக்கிறாளாம்.

"எங்க வீட்டுல எனக்கே இவ்வளவு கவனிப்பு கெடையாது," என்றான் யாசர்.

"நீ தொலஞ்சா தேடமாட்டாவ, அதான்," என்றாள் குழல்வாய்மொழி. பிறகு ஃபாயிஸாவிடம் திரும்பினாள். "வீட்டுல வேற என்ன காணலை?"

"வேற ஒண்ணும்... ஆங், சீனி டப்பா காலி. நேத்துத்தான் நெறச்சது. புது பேஸ்ட்டுல பாதியக் காணலை. உம்மா நாந்தான்னு சொல்லி ஏசுதாவ."

குழல்வாய்மொழி கண்ணை மூடினாள். திறந்தபோது அதில் வாணவேடிக்கை நடந்துகொண்டிருந்தது. மேசை இழுப்பறையைத் திறந்து, அதே மாதிரிச் சின்னக் கார்டு ஒன்றை ஓரம் பிடித்து எடுத்தாள். ஐம்பத்தாறு வயதில் அவளுக்கும் ஒரு கேம் உண்டு, அது அலுவலக ரகசியம்.

"ஏலே யாசரு, நாக்க நீட்டு."

"எதுக்கு யக்கா?"

"விசாரணைக்கு."

அவன் நீட்டினான். அவள் கார்டின் முதுகை நாக்கில் ஒரு தட்டுத் தட்டி எடுத்தாள். ஒரு நொடி ஒன்றுமில்லை. அடுத்த நொடி யாசர் எழுந்து, சுற்றி, ஜன்னலுக்கு ஓடி, திரும்பி வந்து, தண்ணீர்ப் பானையைக் கட்டிப்பிடித்தான். வேப்பெண்ணெயில் பாகற்காய் வதக்கி அதற்குக் கஷாயம் ஊற்றிய கசப்பு அது. தண்ணீர் குடித்தான், கசந்தது. சீனியை அள்ளிப் போட்டுக்கொண்டான், சீனியும் கசந்தது.

"பச்சப் புள்ளைக வாயில போட்டு முழுங்கிரக் கூடாதுன்னு கம்பெனிக்காரனே கசப்பு மருந்து பூசி விடுதான்," என்றாள் குழல்வாய்மொழி. "லேசுல போகாது. இப்ப யோசி. கார்டு போச்சு, சீனி போச்சு, பேஸ்ட்டு போச்சு. மூணு திருட்டு இல்ல தாயி, ஒரே வாய். எவனோ கார்ட வாயில வச்சிருக்கான், கசந்திருக்கு, பல்ல வெளக்கியிருக்கான், போகல, சீனிய அள்ளித் தின்னிருக்கான். இன்னைக்குத் தென்காசியில எவனுக்கு எல்லாமே கசக்குதோ, அவன்தான் நம்ம ஆளு."

"யக்கா, அப்ப நாந்தான் நம்ம ஆளு," என்றான் யாசர், நாக்கைத் துண்டால் துடைத்துக்கொண்டே.

சேக் தாவூது சட்டென்று எழுந்தார். "குற்றாலத்துல சமையல் நடக்கு. நான் போயி அரிசி... விறகு எல்லாம் பாக்கணும்." செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு படியிறங்கிவிட்டார்.

அன்று மதியம் ஐந்தருவிக்குப் போகிற வழியில் வாடகை வீடு ஒன்றை எடுத்து, சொந்தக்காரர்கள் அறுபது பேருக்கு வழியனுப்பு விருந்து. ஃபாயிஸாவின் தாய்மாமா முகம்மது கனிதான் பிரியாணி மாஸ்டர். வாப்பாவின் செருப்புச் சத்தம் ஓய்ந்ததும் ஃபாயிஸா குரலைத் தாழ்த்தினாள்.

"மேடம்... கனி மாமா காலைல எங்க வீட்டுக்கு வந்தாவ. போறப்போ, வாயெல்லாம் கசக்குன்னு மூணு தடவை துப்பிட்டுப் போனாவ."

குழல்வாய்மொழி ஸ்கூட்டர் சாவியை எடுத்தாள்.

சீசன் களைகட்டியிருந்தது. தென்காசியைத் தாண்டியதுமே சாரல் முகத்தில் பூப்போல் விழுந்தது. மலை மேல் மேகம் குந்தியிருந்தது. அருவியில் நனைந்த கூட்டம் ஈரத் துண்டோடு சாலையை அடைத்துக்கொண்டு நடந்தது. யாசர் வழியில் நிறுத்தி ரம்புட்டான் வாங்கினான். கசந்தது. அல்வா வாங்கினான். அதுவும் கசந்தது. கடைக்காரரை முறைத்தான்.

"அல்வா கசக்கு அண்ணாச்சி."

"உம்ம வாயிலதான் ஏதோ இருக்கு," என்றார் கடைக்காரர்.

"துப்பறிவாளர்னா இவருதான் யக்கா. ஒரே நொடியில கண்டுபிடிச்சுட்டாரு."

"சலம்பாம ஏறுலே," என்றாள் குழல்வாய்மொழி. அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது.

வாடகை வீட்டு முற்றத்தில் தகரக் கொட்டகை போட்டு அடுப்பு மூட்டியிருந்தார்கள். ஒரு அண்டாவில் உலைத் தண்ணீர் தளதளத்தது. ஒரு மூலையில் சேக் தாவூது அரிசி மூட்டைக்குள் தோள்வரை கையை விட்டுத் துழாவிக்கொண்டிருந்தார்.

"என்ன அண்ணாச்சி பண்ணுதீய?" என்றான் யாசர்.

"கல்லு பொறுக்குதேன்."

"பிரிக்காத மூட்டையிலயா?"

"அதான் ஓட்டை போட்டுப் பொறுக்குதேன்," என்றார் அவர். முகம் வியர்த்திருந்தது. உதவிக்குக் கையை விடலாமா என்று யாசர் யோசிப்பதற்குள் குழல்வாய்மொழி அவனை அடுப்புப் பக்கம் இழுத்துக்கொண்டு போனாள்.

முகம்மது கனி ஆறடி உயரம். கையில் இருந்த அகப்பை ஒரு துடுப்பு அளவு. யாசரைக் கண்டதும் குழம்பில் முக்கி ஒரு சொட்டை அவன் உள்ளங்கையில் விட்டார்.

"உப்புப் பாரு தம்பி."

யாசர் நக்கினான். மறைக்கத்தான் பார்த்தான், முகம் கேட்கவில்லை.

"கசக்கு அண்ணாச்சி."

அகப்பை உயர்ந்தது. இருபத்தைந்து வருடத்தில் முகம்மது கனியின் குழம்பை அப்படிச் சொன்ன முதல் நாக்கு அது. குழல்வாய்மொழி குறுக்கே புகுந்தாள்.

"அவன் நாக்கு இன்னைக்கு லீவு அண்ணாச்சி. ஒங்க நாக்கு எப்படி இருக்கு? விடியகாலம் கசந்துச்சாமே?"

"ஆமா. யாரு சொன்னா?"

"வாயில என்ன போட்டீய?"

"ஒண்ணும் போடலை."

"கேம் கார்டு ஏதாச்சும்?"

"நான் ஆட்டுக்கறி சமைக்கவன்," என்றார் முகம்மது கனி கோபமாக. "கார்டெல்லாம் திங்க மாட்டேன்."

"சரி, கார்டு வேண்டாம். விடிஞ்சதுலருந்து ஒங்க வாய்க்குள்ள போன எல்லாத்தையும் சொல்லுங்க."

அவர் அகப்பையை ஊன்றிக்கொண்டு யோசித்தார். "விடியகாலம் சுபுஹு தொழுதேன். நேரா தங்கச்சி வீட்டுக்குப் போனேன். கடைல வாங்குன அரிசி பத்தாதுன்னு அவ வீட்டு டிரம்முல இருந்த சீரகச்சம்பாவ எடுத்தேன். நான் எந்த அரிசின்னாலும் நாலு மணி எடுத்துக் கடிச்சுப் பாத்துட்டுத்தான் கைய வைப்பேன். பழைய அரிசியா புது அரிசியான்னு பல்லுக்குத்தான் தெரியும். அந்த நாலு மணியக் கடிச்சதுலருந்துதான் இந்த எழவு கசப்பு."

யாசரும் குழல்வாய்மொழியும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"யக்கா," என்றான் யாசர் மெதுவாக, "இவரு கார்ட வாயில வைக்கல. கார்டு பட்ட அரிசிய வாயில வச்சிருக்காரு."

"அந்த அரிசி எங்கன இருக்கு அண்ணாச்சி?"

"கசப்புப் போவட்டும்னு நாலு தண்ணி அலசி ஊறப் போட்டிருக்கேன். அந்தா, நம்ம சுடலையாண்டி தூக்கிட்டுப் போறான் பாருங்க, உலையில தட்ட."

சுடலையாண்டி அகலமான ஒரு பாத்திரத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு கொதிக்கும் அண்டாவுக்கு மேலே சரிக்கத் தொடங்கியிருந்தார். குழல்வாய்மொழி போட்ட சத்தத்தில் கொட்டகை மேல் உட்கார்ந்திருந்த குரங்குகள் நாலும் பக்கத்து மரத்துக்குத் தாவின.

"நிறுத்தும்யா! ஒரு மணி விழக்கூடாது!"

சுடலையாண்டி அப்படியே சிலையானார். பாத்திரம் தரைக்கு இறங்கியது. குழல்வாய்மொழி ஒரு பக்கம், யாசர் ஒரு பக்கம், அதற்குள் விருந்துக்கு வந்து சேர்ந்து, சத்தம் கேட்டு உள்ளேயிருந்து ஓடிவந்த ஃபாயிஸா ஒரு பக்கம் என்று மூன்று ஜோடிக் கைகள் ஊறிய அரிசிக்குள் இறங்கின. யாசரின் விரலில் வழவழப்பாக ஒன்று தட்டுப்பட்டது. மூச்சைப் பிடித்துக்கொண்டு, ஓரத்தைப் பிடித்து, மேலே எடுத்தான். வெள்ளை அரிசிக்கு நடுவில் கறுப்பாக, சொட்டச் சொட்ட, அந்தக் கார்டு.

ஃபாயிஸா ஒரு கத்துக் கத்தினாள். அது அழுகையா சிரிப்பா என்று அவளுக்கே தெரிந்திருக்காது.

அதற்குப் பிறகுதான் உண்மையான ஆபத்து வந்தது. சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் சூழ்ந்துகொண்டார்கள். அத்தனை பேருக்கும் வைத்தியம் தெரிந்திருந்தது. ஃபாயிஸாவின் உம்மா ரஹ்மத்துன்னிசா சேலை முந்தானையோடு துடைக்க வந்தாள். ஒரு சித்தப்பா தலைமுடி காயவைக்கிற மிஷினைத் தேடி ஓடினார். தம் போடுகிற மூடி மேல் ரெண்டு நிமிடம் வைத்தால் முறுக்காகிவிடும் என்றார் முகம்மது கனி. மீதிப் பேர், நாற்பது வயதைத் தாண்டிய அத்தனை பேரும், கன்னத்தை உப்பிக்கொண்டு ஊதத் தயாராக நின்றார்கள்.

"ஊதுனவன் வாயத் தச்சுப்போடுவேன்!" குழல்வாய்மொழி கையை விரித்து மறித்தாள். "ஊதாதீயன்னு முப்பது வருசமா சொல்லுதேன், ஒருத்தனும் கேக்கல. என் கடையில ஊதாத பய கெடையாது. கேசட்ட கழட்டி மாட்டுனதுல அது வேல செய்யும், பேரு ஊதுனவனுக்கு. எச்சி ஈரம் பல்லுல ஒட்டிக் களிம்பு பூத்ததுதான் மிச்சம்."

யாசருக்கு அன்றைக்கு முதல்முறையாகத் தொழில் மரியாதை கிடைத்தது. துப்பறிய வருமுன் அவன் செல்போன் சர்வீஸ் கடையில் இருந்தவன். கஞ்சித் தண்ணீர் காய்ந்தால் பசையாகிவிடும் என்று முதலில் குடிதண்ணீர் விட்டுக் கார்டைக் கழுவினான். பிறகு ஸ்கூட்டர் பெட்டியிலிருந்து, போர்டு துடைக்கிற ஸ்பிரிட்டையும் காது குடைகிற பஞ்சுக் குச்சியையும் எடுத்தான். தங்கப் பல் ஒவ்வொன்றையும் ஒரே திசையில் மெல்லத் துடைத்தான், தேய்க்கவில்லை. சூடு காட்டவில்லை, வெயிலும் காட்டவில்லை. பெரிய அறையின் மின்விசிறிக்குக் கீழே, சுத்தமான காகிதத்தில், பல் மேலே பார்க்கக் கிடத்தினான்.

"அஞ்சு மணி வரைக்கும் யாரும் கிட்ட வரக்கூடாது," என்றான். "எட்டிப் பாக்கவங்க மூக்கால மூச்சு விடுங்க."

ஃபாயிஸா ஒரு குச்சியோடு குரங்குக் காவலுக்கு ஜன்னலில் உட்கார்ந்தாள். "மேடம், யாரு இத அரிசிக்குள்ள போட்டது?"

"அஞ்சு மணிக்கு மேல கேளு, சொல்லுதேன்," என்றாள் குழல்வாய்மொழி. "ஆனா கேக்க மாட்ட."

வெளியே வந்ததும் யாசர் கேட்டான். "யக்கா, கனி அண்ணாச்சி வாய் அரிசியால கசந்துச்சு. சரி. அவரு அந்த வீட்டுச் சீனியத் தொடல, பேஸ்ட்டத் தொடல. அப்ப இன்னொரு கசந்த வாய் இருக்கணும்லா?"

"இருக்கு."

"யாரு?"

"நீ டம்ளருக்கு எத்தன கரண்டி சீனி போடுவ?"

"நாலு," என்ற யாசர் அப்படியே நின்றான். இன்னும் ரெண்டு கரண்டி. பெரிய ஆள் என்று அவன் நெஞ்சு நிறைந்து கலக்கிக் கொடுத்த ரெண்டு கரண்டி. "யக்கா! ஆறு கரண்டி! அவருக்கு அது டீயே இல்ல, மருந்து!"

கொட்டகைக்குப் பின்னால், சாரல் படாத இடத்தில், சேக் தாவூது ஒரு கல்லில் உட்கார்ந்திருந்தார். தலைமுடியெல்லாம் அரிசி மாவு. இவர்களைப் பார்த்ததும் எழுந்திருக்கக்கூட முயலவில்லை.

"சீனி டப்பா காலின்னதும் ஒங்க டீ ஞாபகம் வந்துச்சு அண்ணாச்சி," என்றாள் குழல்வாய்மொழி. "அதுக்கு மின்னாலயே ஒரு சந்தேகம். என் கடைக்கு ஒரு பய வருவான். கேசட்ட எடுத்த ஒடனே பீப்பி மாதிரி வாயில வச்சு ஊதுவான். அவன் பேரே ஊதுற தாவூது."

சேக் தாவூது அவளை நிமிர்ந்து பார்த்தார். முப்பது வருடம் கழித்து அந்தப் பட்டப்பெயரைக் கேட்டதில் அவர் காதே சிவந்துவிட்டது. "குழலக்காவா? மூக்குத்தியப் பாத்தப்பவே நெனச்சேன். பயந்து தலையக் குனிஞ்சுக்கிட்டேன்."

யாசருக்கு அவர் மேல் கோபம் வந்தது. ஜன்னலில் குச்சியோடு உட்கார்ந்திருக்கிற பெண்ணின் முகம் அவன் கண்ணிலேயே நின்றது. "மககிட்ட தோத்துருவோம்னு பயந்து ஒளிச்சு வச்சீங்களா அண்ணாச்சி?"

"ஒளிக்கல தம்பி. தோக்கறதுக்கு பிராக்டிஸ் பண்ணுனேன்."

சேக் தாவூது தலையிலிருந்த அரிசி மாவைத் தட்டினார்.

"பதினெட்டு வருசம் தம்பி. எனக்குப் போகப் புடிக்கல. போகலன்னு வாயத் தொறந்து சொல்ல வெக்கமா இருந்துச்சு, அதான் ரேஸு மேல பழியப் போட்டேன். ஆனா எனக்குத் தோக்கத் தெரியல. அங்கன ரூமுல தெனமும் ஆடி ஆடி, விரலு தன்னால ஜெயிக்கு. விட்டுக்குடுத்தா அவ கண்டுபுடிச்சுருதா. நம்புற மாதிரித் தோக்கணும்லா? அதுக்குத்தான் விடிய எந்திரிச்சுப் பழகுனேன். எந்த வளைவுல இடிச்சா இயற்கையா இருக்கும்னு பாத்தேன். அந்நேரம் புள்ள இருமுற சத்தம் கேட்டுச்சு. பதறி, கேம் ஓடிட்டு இருக்கப்பவே கார்ட உருவிட்டேன். தலையில தேச்ச எண்ணெய்க் கை வேற. திருப்பிப் போட்டா எடுக்கல. ஊதுனேன். ஒதடு பட்டுருச்சு. கசப்பு தாங்கல. எச்சி ஈரம் உள்ள போயிருச்சேன்னு பயந்து, ஈரம் பட்ட போன அரிசியில போடுவாவளே, அது மாதிரி டிரம்முல போட்டு மூடுனேன். தொழுதுட்டு வந்து பாத்தா டிரம்மு காலி."

"சுவத்துல ஒட்டியிருந்த சட்டத்துல ஒண்ணக் கூட விட்டு வைக்கல நீங்க," என்றான் யாசர். கோபம் எங்கே போனதென்று அவனுக்கே தெரியவில்லை.

"சொன்னா மகளுக்குத் தெரிஞ்சுரும், நான் தோக்கப் பாத்தேன்னு. தெரிஞ்சா அவ ஜெயிச்சாலும் செல்லாதும்பா. குழலக்கா, ஒரு யோசனை சொல்லுங்க. ரேஸுல கடைசியா ஒரு பாலம் வருது, அந்த வளைவுல இடிக்கட்டுமா?"

"இடிக்காதீய," என்றாள் குழல்வாய்மொழி. "ஒங்க மக கட்டைவிரலப் பாத்தியளா? ரெண்டுலயும் பிளாஸ்திரி. ரெண்டு வருசமா அவளும் சும்மா இருக்கல. நீங்க உசுரக் குடுத்து ஓட்டுங்க. நெசமாவே ஜெயிக்கப் பாருங்க. நான் பொறுப்பு."

சேக் தாவூதுக்கு நம்பிக்கை வரவில்லை. யாசருக்கும்தான்.

ஐந்து மணி. பிரியாணி அண்டா வழித்து எடுக்கப்பட்டிருந்தது. அறுபது பேர் சாப்பிட்டார்கள், ஐம்பத்தொன்பது பேர் புகழ்ந்தார்கள். யாசர் மட்டும் கண்ணீரோடு மென்றான். பெரிய அறையில் டி.வி.யில் கேமை மாட்டி எல்லோரும் தரையில் உட்கார்ந்தார்கள். ஃபாயிஸா ஓரம் பிடித்துக் கார்டை எடுத்து, பல்லை விளக்கு வெளிச்சத்தில் பார்த்து, செருகினாள். டிக் என்றது. திரை கறுப்பாகவே இருந்தது. அறுபது பேரும் மூச்சை அடக்கினார்கள். பின்வரிசையில் ஒரு கன்னம் பழக்கதோஷத்தில் உப்பியது.

திரையில் கார் உறுமியது. வீடே கூரை பிய்கிற மாதிரிக் கத்தியது.

மூன்று சுற்று ரேஸ். முதல் சுற்றில் வாப்பா முன்னால். இரண்டாம் சுற்றில் அவர் இன்னும் முன்னால். யாசர் நகத்தைக் கடித்தான். அதுவும் கசந்தது. குழல்வாய்மொழியை முறைத்தான், அவள் மாம்பழம் தின்றுகொண்டிருந்தாள். மூன்றாம் சுற்றில் பாலம் வந்தது. சேக் தாவூது இடிக்கவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு, உடம்பையே ஒரு பக்கம் சாய்த்து, பிசகில்லாமல் வளைத்தார். அவர் வளைத்து முடிப்பதற்குள், பாலத்துக் கைப்பிடிச் சுவரில் ஏறி, அவர் தலைக்கு மேலே பறந்து, ஃபாயிஸாவின் கார் எல்லைக்கோட்டைத் தாண்டியிருந்தது.



ஃபாயிஸா வாப்பா பக்கம் திரும்பினாள். சிரிப்பில்லை. கண்ணில் அந்தப் பழைய சந்தேகம்.

"விட்டுக்குடுத்தீங்களா?"

சேக் தாவூது அவளைப் பார்க்கவே இல்லை. வாயைத் திறந்தபடி டி.வி.யையே பார்த்துக்கொண்டிருந்தார். முகத்தில் அப்பட்டமான அவமானம். "அதெப்படிட்டி? அந்தச் சுவத்துல எப்படி ஏறுன? நான் முழு வேகத்துல போனேனே! அந்த வழிய எனக்கு யாருமே சொல்லலையே! இது செல்லாது! நான் ஒத்துக்க மாட்டேன்! இன்னொரு ரவுண்டு ஆடு, இப்பவே ஆடு!"

ஃபாயிஸாவின் முகம் மலர்ந்துகொண்டே போனது. அந்த மாதிரிக் கோபத்தை யாராலும் நடிக்க முடியாது. அவள் கை நீட்டி அவர் சட்டைப் பையிலிருந்து காகிதத்தை உருவி, இரண்டாக, நாலாக, எட்டாகக் கிழித்தாள். ரஹ்மத்துன்னிசா முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு உள்ளே போனாள். கார்டை யார் அரிசியில் போட்டது என்று யாருமே கேட்கவில்லை.

"ஆடுட்டி!" சேக் தாவூது இன்னும் விடவில்லை. "பயமா? இன்னொரு ரவுண்டு, ஒண்ணே ஒண்ணு!"

ஃபாயிஸா கேமை முறையாக மூடினாள். கார்டை ஓரம் பிடித்து எடுத்து, பெட்டியில் வைத்து அழுத்தினாள்.

"இப்ப என்ன அவசரம் வாப்பா?" என்றாள். "நாளைக்கு ஆடலாம்."

"நாளைக்கா?" என்ற சேக் தாவூது, தரையில் கிடந்த டிக்கெட் துண்டுகளை அப்போதுதான் பார்த்தார்.